'டீ இல்லை'ங்கிறதும் ஒரு பொருள்தான்: ஹிட்ச்ஹைக்கர்ஸ் கைடு டெக்ஸ்ட் கேமை ஆடி முடிக்கிறது எப்படி

படமே இல்லாத கேம்ங்க இது, கறுப்பு ஸ்க்ரீன்ல வெள்ளை எழுத்து, கீழ ஒரு அம்புக்குறி கண் சிமிட்டிட்டு நிக்கும், நாம என்ன செய்யணும்னு இங்கிலீஷ்ல டைப் பண்ணணும், அது பதில் சொல்லும், அவ்வளவுதான். 1984-ல வந்த 'த ஹிட்ச்ஹைக்கர்ஸ் கைடு டு த கேலக்ஸி'. 1978-ல பிபிசி ரேடியோ 4-ல நாடகமா ஆரம்பிச்சு, 1979-ல நாவலா வந்து, அப்புறம் அதே டக்ளஸ் ஆடம்ஸ் அமெரிக்காவுல இன்ஃபோகாம் கம்பெனியோட ஸ்டீவ் மெரட்ஸ்கி கூட சேர்ந்து கேமாவும் ஆக்கிட்டாரு. ஆடம்ஸ் சொன்ன தேதிக்கு எழுதிக் குடுக்காததுல பேர் போனவரு, அதனால கேமை முடிக்க மெரட்ஸ்கியை இங்கிலாந்துக்கே அனுப்பி, டெவன் பக்கம் ஒரு ஹோட்டல்ல ரெண்டு பேரையும் சேர்த்து உக்கார வெச்சு முடிக்க வெச்சாங்க. அந்தக் குசும்பு கேம்ல வரிக்கு வரி தெரியும்.

இந்த கேமை எப்படி ஆடுறதுன்னு எழுதச் சொல்லி ரெண்டு மூணு பேரு கேட்டுட்டே இருந்தாங்க. வரிசையா கமாண்ட் லிஸ்ட் குடுத்தா அப்படியே அடிச்சு முடிச்சிடுவீங்க, ஒரு சிரிப்பும் வராது. அதனால எங்க மாட்டுவீங்களோ அங்க மட்டும் கையப் புடிச்சு கூட்டிட்டுப் போறேன், மத்ததுல நீங்களே முட்டிக்கோங்க.

முதல்ல எங்க ஆடுறது. 2004-ல இருபதாவது வருஷத்துக்கு பிபிசி இதை படமெல்லாம் சேர்த்து வெப்ல போட்டாங்க, பாஃப்டாங்கிற பிரிட்டிஷ் அவார்டு கூட வாங்குச்சு, அப்புறம் 2014-ல முப்பதாவது வருஷத்துக்கு புதுசா ஒண்ணு ரேடியோ 4 தளத்துல போட்டாங்க, ப்ரவுசர்லயே ஆடலாம். பழைய ஒரிஜினல் ஃபைல் கைவசம் இருக்குன்னா ஃப்ராட்ஸ் மாதிரி ஒரு இன்டர்ப்ரெட்டர், அதாவது அந்த ஃபைலை ஓட்டிக் காட்டுற ஒரு ஆப், போதும், போன்லயும் ஓடும். ஃபைல் மொத்தமே 128 கேபிக்குள்ளதான், இன்னிக்கு வாட்ஸ்அப்ல வர்ற குட் மார்னிங் போட்டோ இதை விட பெருசா இருக்கும்.

அடுத்து டைப் பண்ற முறை. நான் இங்க தமிழ் எழுத்துல குடுக்குற கமாண்டை நீங்க இங்கிலீஷ்லதான் அடிக்கணும், அது வேற எதையும் புரிஞ்சுக்காது. வினை முதல்ல, பொருள் பின்னால, 'டேக் கவுன்', 'ஓபன் பாக்கெட்', இப்படி. திசைக்கு என், எஸ், ஈ, டபிள்யூ ஒரு எழுத்து போதும், கையில என்ன இருக்குன்னு பாக்க ஐ, சுத்தி பாக்க எல், சும்மா ஒரு நிமிஷம் நிக்க இசட். 'எக்ஸாமின்'னு முழுசாவே அடிச்சிடுங்க. நீளமா மனசுல உள்ளதையெல்லாம் கொட்டி ஒரு வாக்கியம் எழுதினா புரியலன்னு சொல்லிடும். இதுல ஒரு கூத்து இருக்கு, நீங்க உளறின ஒரு வரி விண்வெளில ஒரு ஓட்டை வழியா எங்கயோ போய் விழுந்து ரெண்டு இனத்துக்கு நடுவுல சண்டை மூட்டி விட்டுடும், ரொம்ப நேரம் கழிச்சு அதே வரியை கேம் உங்க மூஞ்சிலயே காட்டும். நான் கோவத்துல அடிச்ச ஒரு வரி இப்படி திரும்பி வந்தப்போ வீட்ல யாரும் பக்கத்துல இல்லாதது நல்லதா போச்சு.

இப்ப முக்கியமான எச்சரிக்கை, இதை மட்டும் படிச்சிட்டு மீதியை விட்டாலும் பரவால்ல. இந்த கேம்ல செத்துப் போறது பிரச்சனையே இல்ல, அடிக்கடி சாவீங்க, பாதி சாவு சிரிப்பாத்தான் இருக்கும். பிரச்சனை என்னன்னா, சாகாமயே தோத்துட்டு நிக்கலாம். முதல் ரூம்ல எடுக்காம விட்ட ஒரு பொருள் கடைசி சீன்ல தேவைப்படும், நடுவுல ஒரு வார்த்தை கூட சொல்லாது, நீங்க பாட்டுக்கு ஆடிட்டே போவீங்க. அதனால சேவ் பண்றப்போ ஒரே பேர்ல மேல மேல எழுதாதீங்க. வீடு, பப், கப்பல்னு தனித்தனி பேர்ல வெச்சுக்கோங்க. நான் ஒரே ஒரு சேவ் வெச்சு அதுலயே எழுதிட்டு இருந்தேன், நாலு நாள் கழிச்சுத்தான் தெரிஞ்சுது முதல் அரை மணி நேரத்துல ஒரு நாய்க்கு சோறு போடாம வந்துட்டேன்னு. மொத்தமும் முதல்ல இருந்து.

சரி, ஆரம்பிப்போம். இருட்டு. நீங்க ஆர்தர் டென்ட், நேத்து ராத்திரி குடிச்சதுக்கு தலை சுத்துது. 'டர்ன் ஆன் லைட்', அப்புறம் 'கெட் அப்'. இந்த இடத்துல ஐ அடிச்சுப் பாருங்க. கையில ரெண்டு இருக்கும்: ஒண்ணு தலைவலி, இன்னொண்ணு 'டீ இல்லை'. ஆமாங்க, டீ இல்லைங்கிறதையே ஒரு பொருளா எழுதி வெச்சிருக்கும். காலைல எழுந்ததும் டீ இல்லாம ஒரு மனுஷன் படுற பாட்டை இதை விட சுருக்கமா யாரும் எழுதினதில்ல. ஜோக்குன்னு சிரிச்சிட்டு மறந்துடாதீங்க, கடைசில இதுதான் சாவி.

தலைவலியோட வெளிய போகப் பாத்தா வாசலை ஒன்றரை அடி தள்ளி மிஸ் பண்ணி சுவத்துல இடிப்பீங்க. சின்னப் பொருளை எடுக்கப் போனாலும் கைக்கு அகப்படாது, கவுன் மட்டும் பெருசா இருக்கிறதால மாட்டும். 'டேக் கவுன்', 'வேர் கவுன்', 'ஓபன் பாக்கெட்', உள்ள மாத்திரை இருக்கும், 'டேக் அனால்ஜெஸிக்'. இப்ப ரூம் சுத்துறது நிக்கும். பாக்கெட்ல இன்னும் ரெண்டு இருக்கு, துணிப் பஞ்சு மாதிரி கொஞ்சம் தூசு, அப்புறம் 'உங்க அத்தை குடுத்த, என்னன்னே தெரியாத அந்தப் பொருள்'. அதோட பேரே அதுதான். அதைத் தூக்கிப் போட்டாலும் திரும்பி வந்து ஒட்டிக்கும், அதுக்குள்ள சாமான் போட்டு வைக்கலாம், கை நிறைஞ்சுடுச்சுன்னு கேம் அழும்போது அதுதான் உங்க மூட்டை. தூசையும் விடாதீங்க, சிரிக்காதீங்க, தூசு வேணும்.

ரூம்ல ஸ்க்ரூ டிரைவர், டூத் ப்ரஷ் ரெண்டையும் எடுத்துக்கோங்க. ப்ரஷ்ஷை எடுத்த உடனே வெளிய ஒரு மரம் சாயும், ரெண்டுக்கும் சம்பந்தமே இல்லன்னு கேமே ஒரு வரி சொல்லும். இந்த ஒரு வரிக்காகவே நான் இந்த கேமை மத்தவங்களுக்கு போட்டுக் காட்டுவேன். தெற்கால போனா வாசல், அங்க தபால்ல வந்த குப்பை விளம்பரக் காகிதம் ஒரு குவியல் கிடக்கும். எடுங்க. திரும்ப சொல்றேன், எடுங்க. யாரா இருந்தாலும் குப்பைன்னு தாண்டித்தான் போவாங்க, அதுக்குத்தான் அங்க வெச்சிருக்கான்.

வெளிய மஞ்சள் புல்டோசர் வீட்டை இடிக்க வந்துட்டு இருக்கும். நாவல் படிச்சவங்களுக்குத் தெரியும், அது முன்னாடி போய் படுக்கணும், 'லை டவுன்'. பயந்து எழுந்திரிக்காம இசட் அடிச்சிட்டே இருங்க, உங்க நண்பர் ஃபோர்டு ப்ரீஃபெக்ட் வருவாரு. வந்ததும் ஒரு டவலை நீட்டுவாரு. வாங்காதீங்க! நாவல்ல டவல்தான் உலகத்துலயே பெரிய சொத்துன்னு படிச்சிருப்பீங்க, அதனால கை தானா நீளும். வாங்கினீங்கன்னா கடன் வாங்கின டவலை திருப்பிக் குடுத்தாச்சுன்னு அவரு கிளம்பிப் போயிடுவாரு, பூமியோட சேர்ந்து நீங்களும் காலி. டவலைக் கண்டுக்காம இன்னும் கொஞ்சம் காத்திருந்தா, வீடு இடிக்க வந்த ப்ராஸரையே உங்களுக்கு பதிலா சேத்துல படுக்க வெச்சிட்டு உங்களை பப்புக்கு கூட்டிட்டுப் போவாரு. நாவல் படிச்சவனுக்கு லாபமும் நஷ்டமும் ஒரே இடத்துல வர்றது இங்கதான்.

பப்ல பீரை மூணு தடவை குடிங்க, 'ட்ரிங்க் பீர்' மூணு வாட்டி, அதோட நிறுத்திக்கோங்க. கம்மியானா அப்புறம் விண்கலத்துக்கு மாறும்போது உடம்பு தாங்காது. சாண்ட்விச்சும் வாங்குங்க, 'பை சாண்ட்விச்', ஆனா அது உங்களுக்கு இல்ல. வெளிய தெருவுல ஒரு நாய் நிக்கும், அதுக்குப் போடுங்க. ஏன்னு கேக்காதீங்க, கடைசில சொல்றேன். அப்புறம் வடக்கால வீட்டுக்கு ஓடினா வீடு இடிஞ்சு கிடக்கும், வானத்துல பூமியை இடிக்க வந்த வோகன்ங்கிற வேற்று கிரகத்துக்காரங்களோட கப்பல் கூட்டம் வந்து நிக்கும், காத்துல ஃபோர்டு கையில இருந்த, கப்பல்ல தொத்திக்க சிக்னல் அனுப்புற கருவி கீழ விழும். 'டேக் டிவைஸ்', 'புஷ் க்ரீன் பட்டன்'. பூமி முடிஞ்சுது.

இப்ப இருட்டு, ஆனா படுக்கையறை இருட்டு இல்ல, எதுவுமே இல்லாத இருட்டு. நிறைய பேரு இங்கயே கேம் ஹேங் ஆயிடுச்சுன்னு நினைச்சு விட்டுட்டுப் போயிடுறாங்க. அது சொல்றதைக் கவனமா படிங்க. பாக்க முடியல, கேக்க முடியல, தொட முடியல, ருசி தெரியல, வாசனை தெரியலன்னு வரிசையா சொல்லிட்டே வரும். இசட் அடிச்சிட்டே இருங்க, ஒரு கட்டத்துல அந்த வரிசைல ஒண்ணு மட்டும் காணாம போகும். காணாம போனதுதான் இப்ப வேலை செய்யுற புலன். முதல் தடவை அது வாசனை. 'ஸ்மெல்' அடிங்க, அப்புறம் ஒரு நிழல் தெரியும், அதை எக்ஸாமின் பண்ணுங்க, வோகன் கப்பலோட சரக்கு அறைக்கு வந்துடுவீங்க. இந்த இருட்டு கேம் முழுக்க திரும்பத் திரும்ப வரும், ஒவ்வொரு தடவையும் வேற புலன், வழி இதேதான். ஃபோர்டு நீட்டுற கடலையை உடனே தின்னுடுங்க, யோசிச்சா செத்துடுவீங்க.

இனிமேதான் கேம் பேர் வாங்கின இடம். பேபல் ஃபிஷ். காதுல போட்டா எந்த மொழியும் புரியுற மீன். சுவத்துல ஒரு மெஷின், பட்டனை அமுக்கினா மீன் வரும். இதுல என்ன கஷ்டம்னு நினைப்பீங்க. முதல் தடவை அமுக்கினா மீன் ரூமைத் தாண்டி பறந்து எதிர் சுவத்துல ஒரு கொக்கிக்குக் கீழ இருக்கிற ஓட்டைக்குள்ள போயிடும். சரின்னு கவுனைக் கழட்டி கொக்கில மாட்டுவீங்க, ஓட்டை மறைஞ்சுடும். மறுபடி அமுக்கினா மீன் கவுன்ல பட்டு, கை வழியா வழுக்கி, தரைல இருக்கிற சாக்கடை கம்பிக்குள்ள விழும். அதுவரைக்கும் அங்க சாக்கடை இருந்ததே உங்களுக்குத் தெரியாது. ஃபோர்டோட டவலை அது மேல விரிப்பீங்க. மறுபடி அமுக்கினா, டவல் மேல விழுந்த மீனை ஒரு குட்டி துப்புரவு ரோபோ பாஞ்சு வந்து அள்ளிட்டு சுவத்தடில ஒரு சின்னக் கதவு வழியா ஓடிடும். ஃபோர்டு தூங்குறப்போ அவரு பையை எடுத்து அந்தக் கதவை மறைச்சு வெப்பீங்க. மறுபடி அமுக்கினா ரோபோ பை மேல மோதி மீன் மேல பறக்கும், அப்பாடா காதுக்கு வரப் போகுதுன்னு பாத்தா, ரூமோட மேல் பாதியை மட்டும் க்ளீன் பண்றதுக்குன்னே இன்னொரு ரோபோ பறந்து வந்து புடிச்சுட்டுப் போயிடும்.

அந்த மேல் பாதி ரோபோ வர்ற இடத்துல நான் சிரிச்சு முடிக்கவே அஞ்சு நிமிஷம் ஆச்சு, சிரிச்சு முடிச்சப்புறம்தான் வயித்துல புளி கரைஞ்சுது, ஏன்னா மெஷின்ல மீன் அளவாத்தான் இருக்கு, தீர்ந்துட்டா தீர்ந்ததுதான். விடை என்னன்னா, அந்த ரோபோவுக்கு வேற வேலை குடுக்கணும். வாசல்ல எடுத்த குப்பைக் காகிதக் குவியலை பை மேல வைங்க. இப்ப மோதின வேகத்துல காகிதமெல்லாம் ரூம் முழுக்க பறக்கும், மேல் பாதி ரோபோ அதைப் பொறுக்குறதுல கிறுக்குப் புடிச்ச மாதிரி சுத்தும், மீன் நேரா வந்து உங்க காதுல சொத்துன்னு விழும். காகிதம் எடுக்காம வந்தவங்க வீடு சேவ்ல இருந்து திரும்ப வாங்க. அந்தக் காலத்துல இதைத் தாண்டினவங்களுக்காக 'எனக்கு பேபல் ஃபிஷ் கிடைச்சுது'ன்னு எழுதின டி-ஷர்ட்டே இன்ஃபோகாம் வித்தாங்க. மாட்டிட்டவங்களுக்கு க்ளூ புக்கும் வித்தாங்க, அதுல விடை கண்ணுக்குத் தெரியாத மையில இருக்கும், கூட வர்ற மார்க்கரால தேய்ச்சாத்தான் ஒவ்வொரு வரியா தெரியும். ஆப்பு வெச்சவனே ஆப்பு எடுக்கவும் காசு வாங்கிருக்கான், பொழைக்கத் தெரிஞ்சவன்.

இந்த பஸில் நியாயமான்னு கேட்டா, நியாயம்தான்னு சொல்வேன். ஒவ்வொரு தடவையும் ஏன் தோத்தீங்கன்னு கேம் தெளிவா சொல்லுது, அடுத்து எங்க கை வெக்கணும்னு அந்தத் தோல்விலயே இருக்கு. வாசல் காகிதத்தை எடுக்காம விட்டவனை எச்சரிக்காம இவ்ளோ தூரம் வர விட்டதுதான் அநியாயம்.

அதே ரூம்ல கண்ணாடிப் பெட்டிக்குள்ள ப்ளாட்டர்னு ஒரு கருவி இருக்கும், அதுவும் வேணும். பக்கத்துல இருக்கிற ஸ்விட்சை முன்னாடியே அமுக்கி வைங்க, வோகன் கேப்டனோட கவிதைல ரெண்டாவது பாட்டுல இத்தனாவது வார்த்தையை டைப் பண்ணுன்னு சொல்லும். காவல்காரங்க உங்களைப் புடிச்சு கேப்டன் கிட்ட கொண்டு போனதும் அவரு கவிதை படிப்பாரு, கொடுமையா இருக்கும். அங்க அடிக்க வேண்டியது 'என்ஜாய் பொயட்ரி'. ரசிச்சாத்தான் ரெண்டாவது பாட்டும் படிப்பாரு. காதுல மீனும் இருக்கணும், அப்பதான் வார்த்தை புரியும். பேப்பர்ல குறிச்சு வெச்சுக்கிட்டு, திரும்ப அறைக்கு வந்ததும் டைப் பண்ணி ப்ளாட்டரை எடுத்துடுங்க. அங்க இங்க மாட்டின கவுன், டவல், பை எல்லாத்தையும் சேத்து எடுக்க மறக்காதீங்க, அடுத்து உங்களை வெளிய தள்ளிடுவாங்க.

இதுக்கப்புறம் உங்களைக் காப்பாத்தி ஏத்திக்கிற ஹார்ட் ஆஃப் கோல்டு கப்பல். இதுவரைக்கும் ரோடு நேரா போச்சு, இனிமே சந்து சந்தா பிரியும், நாவல் படிச்ச அறிவு பாதிக்கு உதவாது. அதனால ஒவ்வொண்ணா சொல்லாம, சிக்குற இடத்தை மட்டும் சொல்றேன். எஞ்சின் ரூமுக்குப் போகப் பாத்தா கேம் உங்க கிட்ட பொய் சொல்லும், அங்கெல்லாம் போக வேணாம்னு தடுக்கும். விடாம தெற்கு தெற்குன்னு அடிங்க, உள்ள போனப்புறமும் ஒண்ணும் இல்லன்னு மழுப்பும், எல் அடிச்சிட்டே இருங்க, ஒரு கட்டத்துல சலிச்சுப் போய் உண்மையச் சொல்லிடும். கதை சொல்றவனே பொய் சொல்றான்னு கண்டுபிடிக்கிறது ஒரு பஸிலா வெச்சதை நான் அதுக்கு முன்னாடி எதுலயும் பாத்ததில்ல. அங்க கிடைக்கிற உதிரி ட்ரைவை, அதாவது நடக்கவே முடியாததை நடத்திக் காட்டுற எஞ்சினை, ப்ளாட்டரோட இணைச்சு, ப்ளாட்டர்ல தொங்குற ஒயரை இந்தக் கப்பல்ல இருக்கிற மெஷின் குடுக்குற டீ மாதிரியே இல்லாத டீல முக்கி ஸ்விட்ச் போட்டா, எங்கயாவது தூக்கி எறியும், மறுபடியும் அந்த இருட்டு, மறுபடியும் புலன். சில தடவை நீங்க ஆர்தரா இருக்க மாட்டீங்க, கப்பல்ல இருக்கிற ட்ரில்லியனாவோ ஸேஃபாடாவோ, இல்ல ஃபோர்டாவோ இருப்பீங்க, அதனால போய் விழுந்த உடனே நான் யாருன்னு பாருங்க.

ட்ரால் கிரகத்து மிருகம் உங்க பேரைக் கேக்கும், சொல்லிடுங்க, அப்புறம் டவலால தலைய மூடிக்கோங்க. உங்களுக்கு அது தெரியலன்னா அதுக்கும் நீங்க தெரிய மாட்டீங்கன்னு நம்புற அளவுக்கு மக்கு மிருகம் அது. அங்க இருக்கிற நினைவுக் கல்லுல உங்க பேரையும் செதுக்கிட்டீங்கன்னா, உங்களை ஏற்கனவே தின்னாச்சுன்னு முடிவு பண்ணிடும். போற இடத்துல எல்லாம் தூசு எடுங்க, பாக்கெட் தூசு, பைல இருக்கிற தூசு, சீட்டு மெத்தைத் தூசு, கோட்டுத் தூசுன்னு நாலு வகை. நாலையும் ஒரு பூந்தொட்டில போட்டா செடி முளைச்சு பழம் காய்க்கும். கடைசில மார்வின்ங்கிற மூஞ்சைத் தூக்கி வெச்சிருக்கிற ரோபோ கதவைத் தொறக்க ஒரு டூல் கேக்கும், மொத்தம் பத்து டூல் இருக்கு, உங்க கிட்ட ஒண்ணு குறைஞ்சாலும் சரியா அந்த ஒண்ணைத்தான் கேக்கும். எது வேணும்னு முன்னாடியே தெரிய அந்தப் பழத்தைத் தின்னணும். படுக்கையறைல எடுத்த டூத் ப்ரஷ்ஷும் அந்தப் பத்துல ஒண்ணு, இப்ப புரியுதா.

நாய் கதைக்கு வர்றேன். உங்க உளறலால சண்டை போட்ட அந்த ரெண்டு இனமும் சேர்ந்து பூமிக்கு படையெடுத்து வருவாங்க, நீங்களும் அந்தக் கப்பல்ல இருப்பீங்க, ஆனா அளவுல கணக்குத் தப்பி மொத்தப் படையும் தூசி அளவுதான். கீழ ஒரு நாய் வாயைத் தொறந்துட்டு நிக்கும். அது அதே நாய். சாண்ட்விச் தின்னிருந்தா பசி இருக்காது, விட்டுடும். பட்டினி போட்டிருந்தா உங்களையும் சேர்த்து முழுங்கிடும். என்னோட நாலு நாள் அங்கதான் போச்சு.

மார்வினைப் பாக்கவே இன்னொரு கதவைத் தாண்டணும், புத்திசாலின்னு நிரூபிச்சாத்தான் அது தொறக்கும். அதுக்கு உங்க கையில டீயும் இருக்கணும், 'டீ இல்லை'யும் இருக்கணும், ரெண்டும் ஒரே நேரத்துல. நிஜ டீ கிடைச்ச உடனே 'டீ இல்லை' காணாம போயிடும், நியாயம்தானே. அதைத் திரும்ப எடுக்க விடாம தடுக்கிறது ஆர்தரோட பொது அறிவு, அதனால ட்ரைவ் உங்களை ஆர்தரோட மூளைக்குள்ளயே கொண்டு போய் விடுறப்போ, அங்க சுத்திட்டு இருக்கிற அந்தப் பொது அறிவுத் துணுக்கைப் புடுங்கி எறிஞ்சிடுங்க. அப்புறம் 'டேக் நோ டீ'ன்னு அடிச்சா மறு பேச்சே பேசாம எடுத்துக்கும்.

கடைசியா மக்ராதியாங்கிற கிரகத்து மண்ணுல கால் வெச்சா கேம் முடிஞ்சுது, மொத்தம் 400 பாயின்ட். மீதியை அடுத்த பார்ட்டுக்குன்னு வெச்சிருந்தாங்க. அது வரவே இல்ல.